நடீன் மாற்றிய ஒரு வரி

நடீன் புரூயிட்டுக்கு வருகிற கோபம் வந்த வழியே திரும்பிப் போகிற கோபம் அல்ல. பெட்டி படுக்கையோடு வந்து குடித்தனம் நடத்தும். பக்கத்து வீட்டுக்காரர் வேலியைச் சீர் செய்கிறேன் பேர்வழி என்று ஒருமுறை அவளுடைய அத்திமரத்தில் பாதியை வெட்டிச் சாய்த்துவிட்டார். அன்றிலிருந்து அவர் காலை வணக்கம் சொன்னால் நடீன் ஆகாயத்தைப் பார்ப்பாள். ஆனால் வருஷா வருஷம் அத்திப்பழ ஜாம் மட்டும் அந்த வீட்டுக்குத் தவறாமல் போகும். மூடியின்மேல் ‘லோயிஸுக்கு மட்டும்’ என்று அவர் மனைவியின் பெயர் கொட்டை எழுத்தில் இருக்கும். எங்கள் டர்ஹாமில் எல்லோருக்கும் தெரிந்த கதை இது. நியூஜெர்சியில் இருந்த ரெஜிஸ் வான்ஹார்னுக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் அந்த மனிதன் கொஞ்சம் யோசித்திருப்பான். அவனை ‘அவர்’ போட்டு எழுதலாம்தான். நடீன் காதில் விழுந்தால் என் வீட்டுக்கு ஜாம் வருவது நின்றுபோகும்.

நடீனுக்குப் பல்கலைக்கழகத்துக் கம்ப்யூட்டர் மையத்தில், தகவலைப் பதிந்து வைக்கிற டேப்புகளை மாற்றுகிற வேலை. உலகமெல்லாம் பரவிய கம்ப்யூட்டர் விவாதக் குழுக்கள் எங்கள் ஊருக்கும் பக்கத்து ஊருக்கும் நடுவே ஓடிய ஒரு டெலிபோன் கம்பியில்தான் முதலில் பேசிக்கொண்டன. நாங்கள் அதைப் பற்றிப் பீற்றிக்கொள்வதில்லை. பன்றிக் கறிக்கு வினிகர் ஊற்றுவதைப் பற்றித்தான் பீற்றிக்கொள்வோம். இங்கே ஒருத்தி ஒரு கடிதம் எழுதிப் போட்டால், அவளுடைய கம்ப்யூட்டர் அடுத்த கம்ப்யூட்டருக்குப் போன் போட்டு ஒப்படைக்கும், அது அதற்கடுத்ததற்கு. இரண்டொரு நாளில் மெல்போர்னில் ஒருவர் அதைப் படித்துவிட்டுச் சண்டைக்கு வருவார். இதற்கு முதலாளி கிடையாது, காவல்காரர் கிடையாது. கடிதங்கள் கொஞ்ச நாள் இருக்கும், பிறகு இடம் போதாமல் கம்ப்யூட்டர்களே பெருக்கித் தள்ளிவிடும். யார் பெயரில் யார் வேண்டுமானாலும் எழுதலாம். ஆள் யாரென்று எழுத்தின் தோரணையை வைத்துத்தான் கண்டுபிடிக்க வேண்டும்.

இதில் ஆயிரம் குழுக்கள். நடீனுடையது காய்கறி, பழங்களைக் கண்ணாடி ஜாடியில் அடைத்து வைப்பவர்களின் குழு. செப்டம்பர் வந்தால் போதும், கல்லூரியில் புதிதாகச் சேர்ந்த பிள்ளைகள் உள்ளே நுழைந்து அதே கேள்விகளைக் கேட்கும். ஜாடி ஏன் உடைந்தது, மூடி ஏன் ஒட்டவில்லை, தக்காளிக்கு எலுமிச்சை எதற்கு. சொன்னதையே சொல்லிச் சலித்துப்போன நடீன், எல்லாக் கேள்விக்கும் பதில்களைத் திரட்டி ஒரு தொகுப்பாக்கி மாதாமாதம் குழுவில் போட ஆரம்பித்தாள். ஒரு பதிலும் கேள்விப்பட்டதை வைத்து எழுதியதல்ல. யாராவது ஒருவர் தன் அடுப்பில் செய்து பார்த்திருக்க வேண்டும். பதிலுக்குக் கீழே அவர் பெயர் இருக்கும். டென்வர்க்காரர் எல்வுட் டிலார்ட் பெயர் நிறைய இடத்தில் இருந்தது. ஒரு மைல் உயரத்தில் இருக்கும் அந்த ஊரில் தண்ணீர் சீக்கிரமே கொதித்துவிடுமாம். அதனால் நடீன் சொன்ன நேரக் கணக்கை எல்லாம் அவர் அங்கே மறுபடி செய்து பார்த்து, ஜாடிகளை உடைத்து, திருத்தி அனுப்புவார். எட்டுக் கோடைகாலம் அந்தத் தொகுப்பு வளர்ந்தது. பிள்ளை இல்லாத நடீன் அதைப் பிள்ளை என்று சொல்ல மாட்டாள், சொன்னவர்களையும் முறைப்பாள். ஆனால் அதில் ஒரு எழுத்துப் பிழை என்று யாராவது சுட்டினால் அன்றைக்குச் சாப்பாடு இறங்காது.

அப்புறம் வலைப்பக்கங்கள் வந்தன. படம் தெரியும், நிறம் தெரியும், நீலக் கோட்டைத் தொட்டால் இன்னொரு பக்கம் திறக்கும். தொண்ணூற்று நான்கின் தொடக்கத்தில் ரெஜிஸ் வான்ஹார்ன் ஒரு பக்கம் திறந்தான். ஒரு கல்லூரியில் வேதியியல் சொல்லிக்கொடுப்பவன், குழுவில் எப்போதாவது எழுதுவான், நன்றாகவே எழுதுவான். அவன் பக்கத்தில் இருந்தது நடீனின் தொகுப்பு, முழுசாக. அழகான பீச் பழப் படங்கள் சேர்த்திருந்தான். கீழே இருந்த பெயர்களையெல்லாம் துடைத்துவிட்டு, தலையில் ஒரே ஒரு பெயரை வைத்திருந்தான்: முனைவர் ரெஜிஸ் வான்ஹார்ன்.

நடீன் முதலில் மரியாதையாகத்தான் தனி மெயில் எழுதினாள். பெயர்களைத் திருப்பிப் போட்டுவிடுங்கள், அது போதும் என்றாள். பதில் வந்தது.

“அம்மா, நீங்க ஊருக்கே இலவசமா கொடுத்ததுதானே இது? இலவசமா கொடுத்ததுக்கு ஏது சொந்தக்காரங்க? நான் அதுக்குக் குளிப்பாட்டி, தலைசீவி, சட்டை போட்டு விட்டிருக்கேன். அத்தனை பேரையும் போட்டா பக்கம் சந்தைக்கடை மாதிரி ஆயிடும். நீங்க டேப் மாத்துற வேலையைப் பாருங்க.”

கடைசி வரிதான் அவனுக்கு வினையாயிற்று. நடீன் அந்த மெயிலைப் படித்துவிட்டு எழுந்துபோய், கழுவி வைத்த பாத்திரத்தையெல்லாம் மறுபடி கழுவினாள்.

அதற்குமேல் நடந்ததுதான் அவளால் தாங்க முடியாதது. ஒரு நாளிதழ் வான்ஹார்னைப் பேட்டி எடுத்துப் போட்டது. அந்த மாதம் நடீன் வழக்கம்போலத் தொகுப்பைக் குழுவில் போட்டாள். ஓஹையோவிலிருந்து ஒரு புது ஆள் எழுதினான்: “மேடம், இதை அப்படியே டாக்டர் வான்ஹார்ன் பக்கத்துல இருந்து சுட்டிருக்கீங்க. அவர் பேரையாவது போட்டிருக்கலாமே? வெட்கமா இல்லையா?”

மறுநாள் மையத்தில் டுவைட் ஸ்வைஸ்குட்டிடம் அதைக் காட்டினாள். டுவைட்தான் அங்கே மெயிலையும் குழுக்களையும் பார்த்துக்கொள்பவன். நாற்பது வயது, யார் சண்டையானாலும் நாற்காலி போட்டு உட்கார்ந்து பார்க்கிற சுபாவம். மூத்தவர்களை, கல்யாணமானவர்களானாலும், எங்கள் ஊரில் மரியாதைக்கு ‘மிஸ்’ போட்டுத்தான் கூப்பிடுவோம்.

“என்ன மிஸ் நடீன், மூஞ்சி கொதிக்குது? ஓஹையோக்காரனை விடுங்க, அது பால்குடிப் பய.”

“அந்தப் பயலை நான் ஒண்ணும் பண்ணப்போறதில்ல கண்ணு. என் எட்டு வருஷத்தை மூட்டை கட்டித் தூக்கிட்டுப் போனானே, அவன் வாயாலயே சொல்ல வைக்கணும். எல்லாரும் பாக்க, அதே குழுவுல, ‘இது நடீனோடது’ன்னு சொல்லணும். வேற எதுவும் எனக்கு வேண்டாம்.”

“சொல்லமாட்டான்.”

“தெரியும். அதனால அதுவரைக்கும் அவனை நிம்மதியா தூங்க விடக்கூடாது.”

குழுவில் நாலைந்து முறை நேராகவே கேட்டுப் பார்த்தாள். பதில் இல்லை. பழைய ஆட்கள் அவனைத் திட்டினார்கள், அதற்கும் வாய் திறக்கவில்லை. வசந்தம் வந்தது, வயிற்றெரிச்சல் அப்படியே இருந்தது. அப்போதுதான் டுவைட் அந்த யோசனையைச் சொன்னான்.

குழுவில் போடுகிற ஒவ்வொரு கடிதத்தின் தலையிலும் சில வரிகள் இருக்கும். அதில் ஒன்று, இதற்கு எழுதுகிற பதில் எந்தக் குழுவுக்குப் போக வேண்டும் என்று சொல்லும் வரி. சாதாரணமாக அதே குழுதான். ஆனால் கடிதம் எழுதுபவர் அதை மாற்றி வேறு குழுவின் பெயரைப் போடலாம். பதில் எழுதுகிறவர் அனுப்புமுன் அந்த வரியைப் பார்க்க வேண்டும். கோபத்தில் இருப்பவன் பார்க்க மாட்டான். சோதனைக்கென்றே ஒரு குழு உண்டு. கடிதம் ஒழுங்காகப் போகிறதா என்று பார்க்கிறவர்கள் அதில் ‘ஒன்று, இரண்டு, மூன்று’ என்று எழுதிப் போடுவார்கள். மனிதர் யாரும் அதைப் படிப்பதில்லை. ஆனால் ஹெல்சிங்கி, மெல்போர்ன், டெல் அவிவ் என்று உலகம் முழுக்க இருக்கும் கம்ப்யூட்டர்கள் அதைப் பார்த்து, ‘உங்கள் சோதனைக் கடிதம் வந்து சேர்ந்தது’ என்று எழுதியவருக்குத் தானாகவே மெயில் அனுப்பும். ஒன்றல்ல, மூட்டை மூட்டையாக.

“அவன் பதில் குப்பைமேட்டுல விழும், மெயில் பெட்டி பிதுங்கிச் சாகும்,” என்றான் டுவைட். “ஒரே கஷ்டம், அவனைப் பதில் எழுத வைக்கணும். திட்டினா எழுதமாட்டான். பாத்துட்டோமே.”

“எழுத வைக்கிறேன்,” என்றாள் நடீன்.

ஞாயிற்றுக்கிழமை சர்ச்சிலிருந்து வந்து, தொப்பியைக்கூடக் கழற்றாமல் வீட்டுக் கம்ப்யூட்டர்முன் உட்கார்ந்துவிட்டாள். ஒவ்வொரு பதிலும் எப்படிப் பிறந்தது என்று எழுதினாள். எந்தக் கோடையில் யார் அடுப்பில் எத்தனை ஜாடி போயிற்று, யார் கையைச் சுட்டுக்கொண்டார்கள், எந்தப் பதிலுக்காக யாரோடு சண்டை போட்டாள். எல்வுட் டிலார்ட் முந்தின வருஷம் இறந்துபோனதை எழுதினாள். அவருடைய மனைவி மெர்ல் அவளுக்குப் போட்ட கடிதத்தையும் எழுதினாள். மகன் நூலகத்துக்குக் கூட்டிப்போய், ‘அப்பா செய்தது இங்கே இருக்கு பாரு’ என்று அந்த வலைப்பக்கத்தைத் திறந்து காட்டினானாம். மெர்ல் கண்ணாடியை மாட்டிக்கொண்டு மேலிருந்து கீழ்வரை புருஷன் பெயரைத் தேடினாராம். இல்லையாம். ஒருவேளை வேறு பக்கமாக இருக்கும் என்று மகன் சொன்னானாம்.

நடீனின் கணவன் ஹாலிஸ் தோளுக்குப் பின்னால் நின்று படித்தான்.

“இது திட்டு மாதிரியே இல்லையே, நடீன்?”

“திட்டுனா தோல்ல படும். இது உள்ள போய்க் குத்தும். குத்துனா துள்ளுவான், துள்ளுனா எழுதுவான்.”

“இதெல்லாம் நிஜந்தானே?”

“ஒரு எழுத்து பொய்யில்ல.”

ஹாலிஸ் கெளுத்தி மீன் பொரிக்கப் போனான். நடீன் பதில் போகும் வரியை மாற்றிச் சோதனைக் குழுவின் பெயரைப் போட்டாள். பழைய ஆட்கள் சிலருக்கு மட்டும் தனி மெயிலில் ‘பொறி வைத்திருக்கிறேன், யாரும் வாயைத் திறக்காதீர்கள், வேடிக்கை மட்டும் பாருங்கள்’ என்று சொல்லிவைத்தாள். கடிதத்தை அனுப்பினாள். ரொம்ப நாளைக்குப் பிறகு அன்று நாலு மீன் துண்டு சாப்பிட்டாள்.

புதன்கிழமை அவள் டேப் வண்டியைத் தள்ளிக்கொண்டு வரும்போது டுவைட் வழியிலேயே நின்று ஆடினான். ஆடினான் என்றால் நிஜமாகவே.

“சிக்கிட்டான், மிஸ் நடீன்! நம்ம மெஷினே அவனுக்கு ‘உங்க சோதனை வந்து சேந்துச்சு, ரொம்ப நன்றி’ன்னு மெயில் போட்டிருக்கு! நம்ம மெஷினுக்கு என்ன ஒரு பணிவு பாருங்க! அவங்க காலேஜ் மெயிலே அடைச்சுக்கிச்சாம்.”

நடீனுக்குச் சிரித்துச் சிரித்துக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. வண்டியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். இத்தனை மாத எரிச்சலுக்கும் வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருந்தது. “இரு இரு, என்னவெல்லாம் திட்டியிருக்கான்னு படிச்சுட்டு வரேன். பிரிண்ட் எடுத்து ஃபிரிட்ஜ்ல ஒட்டணும்,” என்று உட்கார்ந்து, சோதனைக் குழுவைத் திறந்து, ‘ஒன்று, இரண்டு, மூன்று’களுக்கு நடுவே வான்ஹார்னின் கடிதத்தைக் கண்டுபிடித்தாள்.

“நடீன் புரூயிட் சொல்றது அத்தனையும் உண்மை. அந்தத் தொகுப்பு என்னோடது இல்ல, அவங்களோடது. பேருங்களை எடுத்தது நான்தான். பக்கம் பாக்கச் சுத்தமா இருக்கட்டும்னு எடுத்தேன். அப்புறம் ஆளாளுக்குப் பாராட்டவும் திருப்பி வைக்க மனசு வரல. டேப் மாத்துறவங்கன்னு அவங்களை இளக்காரமா எழுதினேன், அதுக்கும் வெட்கப்படறேன். தனியா மன்னிப்புக் கேட்டா அது ஒளிஞ்சுக்கிற மாதிரி. அதனால இந்தக் குழுவுல, எல்லாரும் பாக்கச் சொல்றேன். இந்த வாரத்துக்குள்ள என் பக்கத்தோட தலையில அவங்க பேர் இருக்கும், டிலார்ட் பேரும் மத்தவங்க பேரும் இருந்த இடத்துல இருக்கும். டிலார்ட் அம்மாவுக்கு நானே எழுதறேன்.”

நடீன் அதை மூன்றாவது முறை படிக்கும்போது டுவைட் பின்னால் வந்து நின்றான். அவனும் படித்தான். சிரிப்பு அப்படியே முகத்தில் உறைந்துபோயிற்று.

“ஐயோ, மிஸ் நடீன்.”

“நான் கேட்டது இதுதானே?” என்றாள் நடீன். “ஒரு வார்த்தை குறையாம இதைத்தானே கேட்டேன்?”

அந்த வரியை அவள் தொடாமல் விட்டிருந்தால் இந்நேரம் மெல்போர்ன் வரை அத்தனை பேரும் படித்திருப்பார்கள். எனக்கே அவள்மேல் கோபம் வருகிறது. ஆனால் அவள் நிலையில் இருந்தால் நானும் மாற்றியிருப்பேன்.

உடனே வான்ஹார்னுக்கு மெயில் எழுதினாள். பெட்டி நிரம்பியிருக்கிறது என்று திரும்பி வந்தது. நிரப்பியது யார் என்று அதற்குத் தெரியாது. இரண்டு நாள் கழித்து அவனே எழுதினான்.

“உங்க கடிதத்தைப் படிச்சு நான் ராத்திரியெல்லாம் தூங்கல, அம்மா. பெரிய கூட்டத்துக்கு முன்னாடி தலை குனியறதா நெனச்சேன். குப்பைத்தொட்டிக்குள்ள குனிய வச்சிருக்கீங்க. அந்தக் கடிதத்துல நீங்க எழுதினது எல்லாம் தூண்டில்ல மாட்டின புழுதானா? செத்துப்போன மனுஷரையுமா மாட்டுவாங்க? என் காலேஜே என்னைப் பாத்துச் சிரிக்குது. நீங்களும் சிரிச்சு முடிங்க.”

நடீன் நீளமாகப் பதில் எழுதினாள், மன்னிப்பும் கேட்டாள். அவள் வாழ்நாளில் எத்தனை பேரிடம் மன்னிப்புக் கேட்டிருக்கிறாள் என்று ஹாலிஸைக் கேட்டால் தெரியும். வான்ஹார்ன் பதில் எழுதவில்லை.

சரி, அவன் எழுதியதுதான் கையில் இருக்கிறதே என்று நடீன் அதை அப்படியே எடுத்துத் தன் குழுவில் போட்டாள். இது அவர் சோதனைக் குழுவில் எழுதியது, தவறு என்னுடையது, நீங்களே படியுங்கள் என்று மேலே எழுதினாள்.

குழு விழுந்து விழுந்து சிரித்தது.

“நடீன், நீ கில்லாடி! பொறி வச்சிருக்கேன்னு சொன்னியே, இதுதானா அது?” என்று ஒருவர் எழுதினார். “வான்ஹார்ன் மாதிரியே எழுதியிருக்கியே, அந்த ‘வெட்கப்படறேன்’ மட்டும் அவன் வாயில வராது, அங்கதான் மாட்டிக்கிட்ட!” என்றார் இன்னொருவர். இல்லை, நிஜமாகவே அவர் எழுதியது என்று நடீன் சொல்லச் சொல்லச் சிரிப்பு கூடியது. ஓஹையோ ஆள் மட்டும் சிரிக்கவில்லை. பிறர் பெயரில் பொய்க் கடிதம் போடுவது அயோக்கியத்தனம் என்று எழுதி, வான்ஹார்னையே கேட்டான். வான்ஹார்ன் ஒரே வரியில் பதில் சொன்னான்: “அது என் கடிதம் இல்லை.”

டுவைட் மூலக் கடிதத்தைத் தேடினான். சோதனைக் குழுவைப் பெருக்கித் தள்ளுகிற வேகத்தில் வேறு எதையும் தள்ள மாட்டார்கள், எப்போதோ போய்விட்டிருந்தது. டேப்பிலும் இல்லை, குப்பையை யாரும் டேப்பில் ஏற்றுவதில்லை. ஹெல்சிங்கிக்கு எழுதிக் கேட்டான், அங்கேயும் இல்லை. நடீன் கையில் இருந்தது அவளே எடுத்த பிரிண்ட். அதை யார் வேண்டுமானாலும் அடித்துவிடலாம்.

“அவன் பொய் சொல்றான், டுவைட். எழுதிட்டு இல்லேங்கறான்.”

“நானும் பாத்தேன்னு சொல்லட்டுமா?”

“நீ என் கூட்டாளின்னு எல்லாருக்கும் தெரியும், கண்ணு. சும்மா இரு.”

வான்ஹார்னும் பழிதான் வாங்கினான், அவளைவிடச் சிக்கனமாக. நடீன் அன்றிரவு அவனை வாய்க்கு வந்தபடி வைதாள், சமையலறையில், ஹாலிஸ் ஒருவன் மட்டும் கேட்க. பிறகு தன்னையும் வைதுகொண்டாள், ஆனால் அதைக் கொஞ்சம் மெதுவாகத்தான்.

கோடை வந்தது. பழைய ஆட்கள் பாதிப் பேர் வலைப்பக்கம் பார்க்கப் போய்விட்டார்கள். புதிதாக வந்தவர்களுக்கு நடீன் யார் என்று கேட்டால், வான்ஹார்ன் பெயரில் பொய்க் கடிதம் போட்ட பொம்பளை என்பதே பதில். சிலர் அவள் எழுதுவது கண்ணில் படாதபடி தங்கள் கம்ப்யூட்டருக்குச் சொல்லிவைத்தார்கள். தொகுப்பை அவள் மாதாமாதம் போட்டுக்கொண்டுதான் இருந்தாள். யாரும் அதைப் பற்றி ஒரு வார்த்தை எழுதவில்லை.

ஜூலையில் ஒரு வெள்ளிக்கிழமை அலபாமாவிலிருந்து ஒரு பெண் குழுவில் எழுதினாள். மாமியார் பச்சை பீன்ஸை வெறும் கொதிநீரில் வைத்து ஜாடிகளில் அடைத்துக் கொடுத்தாராம். மூடி லேசாக உப்பியிருக்கிறதாம், வாசனை ஒன்றும் இல்லையாம். ஞாயிற்றுக்கிழமை சர்ச் விருந்து, இதைச் சூடு பண்ணிப் பரிமாறலாமா என்று கேட்டிருந்தாள்.

நடீன் அந்த நிமிஷமே எழுதினாள். “கூடாதும்மா. பீன்ஸைப் பெரிய பிரஷர் குக்கர்ல வச்சுத்தான் அடைக்கணும், கொதிநீர் போதாது. மூடி உப்பினா உள்ள விஷம். வாசனையே வராது, ஆனா ஆளைக் கொல்லும். திறக்காம, ருசி பாக்காம, அப்படியே தூக்கிப் போட்டுடு.”

பதில் வந்தது. “தப்பா நினைக்காதீங்க. நீங்கதானே டாக்டர் வான்ஹார்ன் பேர்ல பொய்யா எழுதினவங்க? அத்தனை ஜாடியையும் தூக்கிப் போட்டா எங்க மாமியார் என்னையும் சேத்துத் தூக்கிப் போட்டுடுவாங்க. வேற யாராவது விவரம் தெரிஞ்சவங்க சொல்லுங்களேன்.”

நடீன் காத்திருந்தாள். வேறு யாரும் எழுதவில்லை. சனிக்கிழமை மத்தியானம் மறுபடி பார்த்தாள், இல்லை. விவரம் தெரிந்தவர்கள் எவரும் இப்போது இந்தப் பக்கம் வருவதில்லை. ஹாலிஸ் சாப்பிடக் கூப்பிட்டான். அவள் எழுந்திருக்கவில்லை. பிறகு எழுதினாள்.

“நான் சொல்றதை நம்ப வேண்டாம். டாக்டர் வான்ஹார்னோட பக்கத்துல பீன்ஸ் பத்தின பதிலைப் படி. அதுல என்ன போட்டிருக்கோ அப்படியே செய். அவர் சொல்றது சரி.”

சாயங்காலம் அந்தப் பெண் எழுதினாள். “படிச்சேன். எல்லாத்தையும் திறக்காமலே தூக்கிப் போட்டுட்டேன், மாமியார்கிட்டயும் அந்தப் பக்கத்தைக் காட்டிட்டேன், வாயை மூடிக்கிட்டாங்க. டாக்டருக்குக் கோடி நன்றி. சர்ச்சே அவருக்குக் கடன்பட்டிருக்கு. உங்களுக்கு அவரைத் தெரியும்னா சொல்லிடுங்க.”

நடீன் அந்தக் கடிதத்தை ரெஜிஸ் வான்ஹார்னுக்கு அனுப்பிவைத்தாள். மேலே ஒரு வார்த்தை எழுதவில்லை, கீழேயும் எழுதவில்லை. தனக்குச் சேராத நன்றியைப் படித்து மனசெரிந்து சாகட்டும் என்றுதான் அனுப்பினாள். நல்ல மனசு என்று யாரும் தப்பாக நினைத்துவிட வேண்டாம். எரிந்ததா என்று அவளுக்குத் தெரியாது. பதில் வரவில்லை. அவன் பக்கத்தின் தலையில் இன்னும் அவன் பெயர்தான் இருக்கிறது.